மூணு சொல்லுக்கு ரெண்டு இடைவெளி

ஒரு ஊர்ல ஒரு ஏரி. ஏரிக்கு ஒரு கரை. கரையிலிருந்து தண்ணிக்கு இறங்க ரெண்டே ரெண்டு கல்லுப் படி. ரெண்டாவது படிக்குக் கீழ எவ்வளவு ஆழம்னு அந்த ஊர்ல யாரும் கால் விட்டுப் பாத்ததில்ல.

கேக்குறியா? நான் நிறுத்துற இடத்துல நீ 'ம்' சொல்லணும். சொல்லாம விட்டா அந்த இடம் காலியாக் கெடக்கும். காலியாக் கெடக்குற இடத்துல யாரு வந்து உக்காருவாங்கன்னு சொல்ல முடியாது. எங்க, சொல்லு.

ம்.

கரைக்கு அடியில மொத வீடு செங்கோடன் வீடு. செங்கோடன் தவுல்காரன். கல்யாணத்துல பாத்திருப்பியே, கழுத்துல மாட்டிக்கிட்டு, ஒரு கையில குச்சி, ஒரு கை விரல்ல கூடு போட்டு, டங்கு டங்குன்னு அடிப்பாங்களே, அதான் தவுல். நாயனம் ஊதுறவனுக்குப் பட்டுத் துண்டு போத்துவாங்க. தவுல் அடிக்கிறவனுக்குத் தோள் வீங்கினதுதான் மிச்சம். அப்பவும் அப்படித்தான், இப்பவும் அப்படித்தான், அத விடு.

செங்கோடன் பள்ளிக்கூடத்துப் பக்கமே போனதில்ல. பேரெழுதத் தெரியாது. ஆனா கணக்கு தெரியும். இடுப்புல ஒரு சுருக்குப் பை வச்சிருப்பான். பைக்குள்ள இருபத்திநாலு புளியங்கொட்டை, எட்டு வேப்பங்கொட்டை. புளியங்கொட்டை ஒண்ணுக்கு ஒரு அடி. வேப்பங்கொட்டை ஒண்ணுக்கு ஒரு சும்மா. அடிக்காம சும்மா இருக்கோம் பாரு, அதையும் எண்ணணும் கண்ணு. எண்ணாம சும்மா இருந்தா அவன் தூங்குறான்னு அர்த்தம். எண்ணிக்கிட்டே சும்மா இருந்தாத்தான் அது தாளம்.

அந்த ஏரி எல்லா வருசமும் நெறையாது. நெறஞ்சு தளும்புற வருசம் மூணு நாள் நோம்பி, அதான் திருவிழா. மூணு நாளும் பொழுது சாயுற நேரத்துல ஊரே கரையில கூடும். பொம்பளைங்க தண்ணியில பூ விடுவாங்க. அப்புறம் செங்கோடன் படிக்கு மேல நின்னு வாசிப்பான். பக்கத்துல ஒருத்தன் சிங்கி, அதான் சின்ன ஜால்ரா, தட்டி எண்ணிக்கை காட்டுவான். ணிங், ணிங், ணிங். வாசிச்சு முடிக்கிற இடத்துல ஒரே சொல்ல மூணு தடவ வாசிக்கணும். தவுல்ல வாசிக்கிறதச் சொல்லுன்னுதான் சொல்லுவாங்க.

தகதிமி தகஜொணு. இதுதான் அந்தச் சொல்லு. விரல் விட்டு எண்ணு. த, க, தி, மி, த, க, ஜொ, ணு. எட்டு வந்துதா?

ம்.

எட்டு அடிச்சதும் நாலு எண்ணிக்கை சும்மா. அப்புறம் எட்டு. அப்புறம் நாலு சும்மா. அப்புறம் எட்டு. எல்லாத்தையும் கூட்டினா முப்பத்திரண்டு. முப்பத்திரண்டு முடிஞ்ச கையோட, நூலிழை கூட முன்னப் பின்ன இல்லாம, ஒரே ஒரு அடி. தாம். அந்த அடி விழுற இடத்துக்குப் பேரு சமம்.

இப்போ அந்த நாலு எண்ணிக்கை சும்மா இருக்கு பாரு, அப்போ கரையில ஒருத்தரும் மூச்சு விட மாட்டாங்க. கைக்கொழந்த வாயப் பொத்திருவாங்க. ஏன்னா தண்ணிக்குள்ளயிருந்து ஒரு சத்தம் வரும். சளக். கீழ் படி நனையும். ரெண்டாவது இடைவெளியில இன்னொரு சத்தம். சளக். மேல் படி நனையும். ஏறினது யாருன்னு கேட்டா யாருக்கும் தெரியாது. படி நனையுறதத்தான் பாக்கலாம். அதுக்குள்ள மூணாவது சொல்லு வந்து, சமத்துல தாம்னு அடி விழுந்துரும். உடனே சளசளன்னு ரெண்டு படியும் இறங்கி ஓடிரும்.

எதுக்கு அத ஏற விடணும்னு நீ கேப்ப. ஏரி நெறஞ்ச வருசம் அதுக்கு மேல வந்து பாக்கணும். ரெண்டு படி ஏறிப் பாத்துட்டுப் போனா கரை நிக்கும். பாக்க விடலேன்னா கரையையே ஒடச்சுக்கிட்டுப் பாக்க வரும். அப்படி ஒரு தடவ வந்துச்சாம். அதுக்கு முந்தி அங்க வேற ஊரு இருந்துச்சாம்.

செங்கோடனோட அப்பன் சாகும்போது நெலம் நீச்சுன்னு ஒண்ணும் வச்சுட்டுப் போகல. ரெண்டு வார்த்தைதான் சொன்னான். அது சத்தத்துல அசையாது, சத்தம் இல்லாத எடத்துலதான் அசையும். சமத்துல விழுற அடிக்கு மட்டுந்தான் பயப்படும், மத்த அடியெல்லாம் அதுக்கு அடியே இல்ல. அவ்வளவுதான்.

செங்கோடனுக்கு ஒரு தம்பி, சடையப்பன். அவனும் தவுல்காரன்தான். ஆனா அவன டவுனுக்கு அனுப்பிப் படிக்க வச்சாங்க. யாரு படிக்க வச்சது? செங்கோடன். ஊரு ஊராப் போயி தவுல் அடிச்சு, தம்பிக்கு அரிசி மூட்டை தூக்கிட்டுப் போயிக் குடுத்தவன் செங்கோடன். அந்த நெனப்பு தம்பிக்கு இருந்துச்சா? படிச்சவனுக்கு எதுக்கு அந்த நெனப்பெல்லாம். படிப்பு முடிச்சு வரும்போது ஒரு சிலேட்டும் விரலுக்குப் புதுக் கூடும் கொண்டு வந்தான்.

அவன் வந்த வருசம் ஏரி நெறஞ்சுது.

நோம்பிக்கு முந்தின நாளு சாவடியில ஊர்க்கூட்டம். மணியக்காரர் நாற்காலியில உக்காந்திருந்தாரு. சடையப்பன் சிலேட்ட எடுத்து எல்லாரும் பாக்குற மாதிரி எழுதினான். சொல்லு எட்டு. சும்மா நாலு. ரெண்டும் சேந்தா பன்னெண்டு. மூணு தடவ வாசிக்கிறோம். மூணு பன்னெண்டு எத்தன?

மணியக்காரர் ரெண்டாங்கிளாஸ் படிச்சவரு. வாய்ப்பாடு நல்லா வரும். முப்பத்தாறுன்னாரு.

அப்படின்னா அண்ணன் முப்பத்திரண்டுலயே முடிக்கிறாரே, நாலு எங்க போச்சுன்னு சடையப்பன் கேட்டான்.

மணியக்காரர் தாடியத் தடவிக்கிட்டுச் சொன்னாரு: "ஏன்டா செங்கோடா, இத்தன வருசமா எங்க ஏரியோட நாலு அடிய எங்கடா கொண்டு போய் வச்ச?"

சாவடியே சிரிச்சுது.

செங்கோடன் பைய அவுத்துத் தரையில கொட்டைய அடுக்க ஆரம்பிச்சான். புளியங்கொட்டை எட்டு, வேப்பங்கொட்டை நாலு, அப்படியே வரிசையா. அடுக்கிக் காட்டினா கண்ணுக்குத் தெரியுமில்ல. ஆனா ரெண்டாவது வரிசை அடுக்குறதுக்குள்ள சடையப்பன் வந்து, "இதென்னண்ணே, பொட்டப்புள்ளைங்க பல்லாங்குழியாட்டம்"னு கால் விரலால தள்ளி விட்டான். கொட்டை நாலாப் பக்கமும் உருண்டுது. செங்கோடன் குனிஞ்சு, தவழ்ந்து, ஒவ்வொண்ணாப் பொறுக்கினான். ஒரு கொட்டை மணியக்காரர் காலுக்குக் கீழ போயிருந்துச்சு. அவரு கால எடுக்கல. அவரு எடுக்குற வரைக்கும் செங்கோடன் குனிஞ்சே இருந்தான்.

குனிஞ்சு இருக்கும்போதே அவனுக்குத் தெரிஞ்சு போச்சு, தம்பி எங்க தப்பு பண்றான்னு. வாயத் தெறந்தான். அந்தக் கால் விரலப் பாத்தான். வாய மூடிக்கிட்டான். அடிச்சுத்தான் பாரேன், அடிச்சே தெரிஞ்சுக்கன்னு மனசுக்குள்ள சொல்லிக்கிட்டு வீட்டுக்கு வந்துட்டான். இந்த வருசம் சடையப்பனே வாசிக்கட்டும்னு சாவடியில முடிவாச்சு.

தூங்கிட்டியா?

ம்.

'ம்'னா தூங்கிட்டேன்னு அர்த்தமா, இல்லையா? சரி.

மொத நாளு பொழுது சாஞ்சுது. செங்கோடன் கரைக்குப் போகல. வாசப்படியில உக்காந்து கேட்டுக்கிட்டு இருந்தான். கையில கொட்டை. கரையில தம்பி வாசிக்கிறான். சிங்கி தட்டுறவன்கிட்ட நாலு சேத்துத் தட்டச் சொல்லிட்டான். கடைசிக்கு வந்துட்டான்.

தகதிமி தகஜொணு. சும்மா. சளக்.

தகதிமி தகஜொணு. சும்மா. சளக்.

தகதிமி தகஜொணு.

செங்கோடன் கையில முப்பத்திரண்டாவது கொட்டை. இந்நேரம் அடி விழணும். விழல. சிலேட்டுல அப்படித்தான் எழுதியிருக்கு. ஏரிக்குள்ள இருக்கிறதுக்குச் சிலேட்டு என்ன தெரியும், அதுக்குப் பழைய எண்ணிக்கைதான். அது மேல் படியில நின்னு தலையக் குனிஞ்சு அடிக்குக் காத்துக்கிட்டு இருந்துச்சு. அடி வரல. தலையத் தூக்கிப் பாத்துச்சு. அப்புறம் கரையில கால வச்சுது.

தொப். தொப். தொப். தொப்.

நாலு. அதுக்கு அப்புறந்தான் தாம்னு அடி விழுந்துச்சு. ஊரு கைதட்டுச்சு. சடையப்பனுக்கு மாலை போட்டாங்க. படிச்சவன் படிச்சவன்தான்னு பேசிக்கிட்டாங்க.

மறுநாள் காலையில பாத்தா கரையிலிருந்து இறங்குற பாதையில நாலு காலடி. ஒண்ணுக்கும் ஒண்ணுக்கும் நடுவுல ஒரு ஆளப் படுக்கப் போடலாம், அவ்வளவு தூரம். ஈரமா இருந்துச்சு. வெயில் ஏறிச்சு, காயல. மேல மண்ணப் போட்டாங்க, மண்ணும் நனஞ்சுது. மீன் பிடிக்கிறவன் எவனோ தண்ணி சிந்திட்டுப் போயிருக்கான்னு சொல்லிட்டாரு மணியக்காரர்.

செங்கோடன் இடுப்புப் பை கனமா இருந்துச்சு. அவுத்துப் பாத்தான். வேப்பங்கொட்டை எட்டு இருக்கணும். பன்னெண்டு இருந்துச்சு. நாலு கொட்டை சில்லுன்னு, பாசி புடிச்சு, ஈரமா.

அவன் பொண்டாட்டி பாவாயி அதப் பாத்துட்டா. அவளுக்குப் புரிஞ்சு போச்சு. போயி உங்க தம்பிகிட்டச் சொல்லிட்டு வாங்கன்னா. அவனா வந்து கேக்கட்டும்னான் செங்கோடன். அவன் எப்படி வருவான், அவனுக்குத்தான் தெரியாதே, தெரிஞ்சவங்கதானே சொல்லணும்னா. என் கொட்டையக் காலால தள்ளினான்னான். தள்ளினது கொட்டையத்தானே, உங்கள இல்லையேன்னா. ரெண்டும் ஒண்ணுதாண்டின்னு சொல்லிட்டுத் திரும்பிப் படுத்துக்கிட்டான்.

ரெண்டாம் நாளு. மறுபடியும் பொழுது சாஞ்சுது. செங்கோடன் வாசப்படியில உக்காந்து, கண்ண மூடி, காதப் பொத்திக்கிட்டான். பொத்தினா மட்டும் கேக்காம போயிருமா? எண்ணிக்கை உள்ளுக்குள்ள ஓடுமே. தகதிமி தகஜொணு, சளக். தகதிமி தகஜொணு, சளக். தகதிமி தகஜொணு. முப்பத்திரண்டு. அடி இல்ல.

மொத நாள் நனைச்ச தரை அதுக்குச் சொந்தமாயிருச்சு. அதுல நடக்க அதுக்கு எண்ணிக்கை வேண்டியதில்ல. மேற்கொண்டு நாலு காலடி வச்சுது.

தொப். தொப். தொப்.

நாலாவது தொப் கிட்டத்துல கேட்டுச்சு. செங்கோடன் கண்ணத் தெறந்து பாத்தான். அவன் வீட்டு வாசல்ல, அவன் உக்காந்திருந்த படிக்கு நேரா, ஈரக் காலடி ஒண்ணு. விரல் எத்தனன்னு எண்ணப் போனான். வேண்டாம்னு விட்டுட்டான்.

ம்.

பயமா இருந்தா போர்வைய இழுத்துக்க. இழுத்துக்கிட்டியா?

செங்கோடனுக்கு ஒரே மக. அரும்புன்னு பேரு. ஏழு வயசு, உன்னவிட கொஞ்சம் பெரியவ, வாய் ஓயாம பேசுவா. மூணாம் நாள் காலையில எழுந்து வந்தா. அப்பா, எனக்குன்னா. நிறுத்தினா. கண்ணு தெறந்திருக்கு, உதடு தெறந்திருக்கு, ஆனா ஆளு இல்ல. செங்கோடன் தன்னை அறியாம எண்ணினான். ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு. நாலு முடிஞ்சதும், சோறுன்னு முடிச்சா. அம்மான்னா. நாலு எண்ணிக்கை. எங்கன்னா. அவ சும்மா இருக்கிற அந்த நாலு எண்ணிக்கையில வாசல்லயிருந்து சத்தம் வந்துச்சு. சளக். ஒவ்வொரு தடவயும். யாரோ அவளுக்குப் பதிலா 'ம்' சொல்ற மாதிரி.

அவ தலைமுடி நுனியிலிருந்து தண்ணி சொட்டுச்சு. அன்னிக்கு அவ குளிக்கவே இல்ல.

வெயில் ஏற ஏற இடைவெளி நீண்டுக்கிட்டே போச்சு. மத்தியானம் வரைக்கும் நாலுக்கு ஒரு தடவ திரும்பி வந்தவ, அப்புறம் எட்டுக்குத்தான் வந்தா. பாவாயி அவள மடியில போட்டுக்கிட்டு புருசனப் பாத்தா. திட்டல. அழவும் இல்ல. நேத்து ஒரு வார்த்தை சொல்லியிருந்தீங்கன்னா இது பாதையோட நின்னிருக்காதான்னு மட்டும் கேட்டா. இன்னிக்கு ராவுல எங்க நிக்கும்னு ரெண்டு பேருக்கும் தெரியும். வாசல்லயிருந்து நாலு காலடி வச்சா அரும்போட பாய் இருக்கிற இடம்.

செங்கோடன் பைய அவுத்தான். வேப்பங்கொட்டை பதினாறு ஆயிருந்துச்சு. காஞ்சது எட்டு, ஈரம் எட்டு. மக காலடியிலயே உக்காந்து கொட்டைய அடுக்கினான். எப்பவும் போல அடுக்கிப் பாத்தான். எட்டு புளி, நாலு வேம்பு, எட்டு புளி, நாலு வேம்பு, எட்டு புளி. முப்பத்திரண்டு. கையில ஈரக் கொட்டை எட்டும் அப்படியே மிச்சம். எங்க வைக்கிறது? சமத்துக்கு அப்புறம் வச்சா, தம்பி வச்ச மாதிரி, அது உள்ள வந்துரும். கலைச்சான். மறுபடி அடுக்கினான். மறுபடி எட்டு மிச்சம். கலைச்சான்.

அப்போதான் அவனுக்கு ஒண்ணு தோணுச்சு. அது எப்போ ஏறுது? சும்மாவுக்கு அடுத்தாப்புல சொல்லு வரும்போது. இன்னும் சொல்லு இருக்கு, அடி தூரத்துல இருக்குன்னு தைரியமா ஏறுது. சும்மாவுக்கு அடுத்தாப்புல சமமே வந்து நின்னா? ஓடித்தானே ஆகணும்.

காஞ்ச எட்டையும் பைக்குள்ள போட்டான். புளியங்கொட்டை இருபத்திநாலையும் நடுவுல இடமே விடாம ஒட்டி ஒட்டி வச்சான். வரிசைக் கடைசியில ஈரக் கொட்டை எட்டையும் வச்சான். எண்ணினான். முப்பத்திரண்டு. அதுக்கு அப்புறம் சமம். எட்டு காலடி உள்ள வந்தது, அடி விழுறதுக்கு முன்னாடி எட்டு காலடி திரும்பி நடக்க எண்ணிக்கை இருக்கு. நடந்தா.

நடக்காம, அந்த எட்டுல நாலையே எடுத்துக்கிட்டு உள்ள வந்துருச்சுன்னா? அதுவும் நடக்கலாம். கொட்டைக்கு அது தெரியாது.

பொழுது சாயுது. செங்கோடன் கரைக்கு ஓடினான். சடையப்பன் கழுத்துல தவுல மாட்டிக்கிட்டு நிக்கிறான், நேத்துப் போட்ட மாலையோட. மணியக்காரர் பாத்துட்டு, என்னடா செங்கோடா, அந்த நாலு அடியத் திருப்பிக் கொண்டு வந்தியாடான்னாரு. யாரும் சிரிக்கல. பாதையில இருந்த காலடிய அதுக்குள்ள எல்லாரும் பாத்திருந்தாங்க.

செங்கோடன் தம்பி முன்னாடி போய் நின்னான். நெஞ்சுக்குள்ள அந்தக் கால் விரல் இன்னும் இருந்துச்சு. இருந்தாலும் சொன்னான்.

"சடையா, மூணு விரலத் தூக்கு."

எதுக்குண்ணேன்னான் அவன்.

"தூக்குடா."

தூக்கினான். இப்போ விரல எண்ணுன்னான் செங்கோடன். மூணு. விரலுக்கு நடுவுல இருக்கிற சந்த எண்ணு.

நீயும் தூக்கு பாப்போம். போர்வைக்குள்ளயே தூக்கு. மூணு விரலு. சந்து எத்தன?

ம்?

ரெண்டு. ரெண்டுதானே. கரையில நின்ன சனமெல்லாம் ஆளாளுக்கு மூணு விரலத் தூக்கி எண்ணிப் பாத்தாங்க. மணியக்காரரும் தூக்கினாரு. மூணு பன்னெண்டு முப்பத்தாறுன்னு வாய்ப்பாடு சொன்ன வாய் தெறந்தபடியே நின்னுச்சு. வாய்ப்பாட்டுல தப்பில்ல. மூணாவது சொல்லுக்குப் பின்னாடி இடைவெளியே கிடையாது, அதுக்குப் பின்னாடி சமம். அந்த இடத்தக் காலியா விட்டதுதான் தப்பு.

சடையப்பன் தன் கையையே பாத்துக்கிட்டு நின்னான். அப்புறம் கேட்டான்.

"அன்னிக்கே தெரியுமாண்ணே?"

"தெரியும்."

"ஏன் சொல்லல?"

செங்கோடன் தம்பி காலப் பாத்தான். சடையப்பனும் குனிஞ்சு தன் காலப் பாத்தான். அப்புறம் மாலையக் கழட்டிக் கீழ வச்சுட்டு, தவுலக் கழட்டி அண்ணன் கழுத்துல மாட்டிவிட்டான். விரல் கூட்டையும் கழட்டிக் குடுத்தான். கை மாறும்போது ஒரு கூடு உருண்டு தண்ணியில விழுந்துச்சு. அத எடுக்க ஒருத்தரும் குனியல.

சிங்கி பழையபடி முப்பத்திரண்டுக்குத் தட்டணும்னு செங்கோடன் சொன்னான். ணிங், ணிங், ணிங். ஆரம்பிச்சான்.

தகதிமி தகஜொணு தகதிமி தகஜொணு தகதிமி தகஜொணு.

நடுவுல ஒரு மயிரிழை இடம் விடல. தவுல்காரன் மூச்சு எடுக்கிறதே அந்த இடைவெளியிலதான். அவன் மூச்சு எடுக்கல. கழுத்து நரம்பு புடைச்சு நின்னுச்சு. இருபத்திநாலாவது அடி முடிஞ்சதும் குச்சியத் தூக்கிப் புடிச்சுக்கிட்டு நின்னான்.

இப்போ சும்மா. எட்டு.

ஒண்ணு. அவன் வீட்டு வாசல்ல தொப்.

எந்தப் பக்கம் போச்சுன்னு தெரியல. வீட்டுக்குள்ளயா, வெளியிலயா?

ரெண்டு. தொப். சத்தம் கொஞ்சம் கிட்ட வந்துச்சு. செங்கோடன் மனசுல பாரம் ஒரு பிடி இறங்குச்சு. வெளியிலதான்.

மூணு. பாதையில தொப்.

நாலு. தொப். கரை மேல நின்ன சனம் தானா விலகி வழி விட்டுச்சு. யாருக்கு விட்டோம்னு அவங்களுக்கே தெரியாது. குதிகாலுக்குப் பின்னாடி சில்லுன்னு இருந்துச்சு, அதனால விலகினாங்க.

அஞ்சு. தொப். மணியக்காரர் வேட்டி முழங்கால் வரைக்கும் நனஞ்சுது.

ஆறு. தொப். சடையப்பனுக்கும் செங்கோடனுக்கும் நடுவுல. ரெண்டு பேரு தோளும் ஒரே நேரத்துல குளிர்ந்துது.

ஏழு.

ஏழாவதுல காலடிச் சத்தம் இல்ல. படிப் பக்கமிருந்து ஒரு குரல்தான் கேட்டுச்சு.

"அப்பா."

அரும்போட குரல். அச்சு அசலா அவ குரல். படிக்குக் கீழயிருந்து, தண்ணி மட்டத்துலயிருந்து. அப்பா, என்னையும் சேத்து அடிச்சிராதன்னு கெஞ்சுற மாதிரி.

செங்கோடன் கை குச்சியோட நின்னுச்சு. மக அங்க வீட்டுல இருக்காளா, இங்க தண்ணியில இருக்காளா? ஓடிப் போய்ப் பாக்க எண்ணிக்கை இல்ல. ஒரு எண்ணிக்கை முந்தி அடிச்சாலும் போச்சு, பிந்தி அடிச்சாலும் போச்சு. அவன் கண்ண மூடிக்கிட்டான். கண்ணுக்குள்ள மக தெரியல, கொட்டை தெரிஞ்சுது. வரிசையா, ஈரமா, எட்டாவது கொட்டை.

எட்டு.

தாம்.

சளசளன்னு ஏரி ஒரு தடவ கலங்குச்சு. அப்புறம் கண்ணாடி மாதிரி நின்னுச்சு. பாதையில இருந்த காலடி எட்டும் அவங்க பாத்துக்கிட்டு இருக்கும்போதே காஞ்சு வெளுத்துப் போச்சு.

செங்கோடன் தவுலோடயே வீட்டுக்கு ஓடினான். வாசல்லயே கேட்டுச்சு, உள்ள அரும்பு பேசுற சத்தம். அம்மா எனக்குப் பசிக்குது கொழம்பு ஊத்தாத தயிர் ஊத்து ஊறுகா எங்கன்னு மூச்சு விடாம பேசிக்கிட்டு இருந்தா. நடுவுல ஒரு இடம் விடல. செங்கோடன் வாசப்படியில அப்படியே உக்காந்துட்டான். பைய அவுத்து எண்ணினான். புளி இருபத்திநாலு. வேம்பு எட்டு. எல்லாம் காஞ்சிருந்துச்சு.

ம்.

இன்னும் முடியல. கொஞ்சம் இருக்கு.

மறுநாள் சடையப்பன் வந்தான். சிலேட்ட எடுத்துட்டு வரல. அண்ணன் கால்ல விழுந்தான். செங்கோடன் எந்திரின்னான். எந்திரிச்சான். அவ்வளவுதான். மன்னிச்சுட்டேன்னு சொல்லல. தம்பி பேசினா பதில் சொல்லுவான், வாசிக்கக் கூப்பிட்டா போவான், ரெண்டு பேரும் ஒரே பாயில உக்காந்துதான் வாசிப்பாங்க. ஆனா ஒட்டி உக்கார மாட்டான். நடுவுல ஒரு ஆளு உக்கார்ற அளவுக்கு இடம் விட்டுத்தான் உக்காருவான். மணியக்காரர் காலுக்குக் கீழ குனிஞ்சு கெடந்தவனுக்குத்தான் அந்த இடம் எவ்வளவுன்னு தெரியும். அவன நான் குத்தம் சொல்ல மாட்டேன்.

ஆனா பாவாயி சொல்லுவா. ஒட்டி உக்காருங்கன்னு சொல்லுவா. ஏன்னா கச்சேரி முடிஞ்சு பாயச் சுருட்டுறது அவதான். எல்லா இடமும் வெதுவெதுன்னு இருக்கும். ரெண்டு பேருக்கும் நடுவுல விட்ட அந்த இடம் மட்டும் ஈரமா இருக்கும். எந்த ஊர்ல வாசிச்சாலும், எந்த வெயில் காலத்துல வாசிச்சாலும். பல வருசம் கழிச்சு ஒரு நாள் செங்கோடன் வாசிச்சுக்கிட்டே, குச்சிய மாத்துறதுக்காக அந்த இடத்துல கைய ஊனினான். கையில எதுவோ பட்டுச்சு. எடுத்துப் பாத்தான். ஒரு வேப்பங்கொட்டை. பாசி புடிச்சது.

அவன் தம்பியப் பாத்தான். தம்பியும் அதப் பாத்துட்டான். சடையப்பன் தன் மூணு விரலத் தூக்கினான். அப்புறம் ஒரு விரல மடக்கினான். ரெண்டு விரல். நடுவுல ஒரு சந்து.

அன்னிக்குத்தான் செங்கோடன் நகந்து உக்காந்தான். மனசு மாறிச்சான்னு கேக்காத. மாறல. ஆனா நகந்தான். தோளோடு தோள் முட்ட நகந்தான்.

என்ன, 'ம்' காணோம்?

ம்.

அது நீதானே? நீதான். சரி. ஏன் இவ்வளவு தள்ளிப் படுத்திருக்க, கிட்ட வா. இன்னும் கொஞ்சம் கிட்ட. நடுவுல இடம் விடாத. ஆங், அப்படித்தான். தாம். கதை முடிஞ்சுது, கண்ண மூடு.